ஸ்பானியக்காரி சொன்ன பொய்

ஒட்டுக்கேட்கும் பழக்கம் எனக்குக் கிடையாது. பொய். பள்ளிக்கூடத்தில் வாத்தியார் சொன்னதைத் தவிர மற்ற எல்லாவற்றையும் கேட்டு வளர்ந்தவன் நான்.

பிராங்பேர்ட்டில், வெளிநாட்டவர் அலுவலகத்தில் இலக்கத் துண்டோடு காத்திருந்தேன். முன்னால் இருந்த மீசைக்காரர் பக்கத்தில் இருந்த அக்காவிடம் சொன்னார்:

“அக்கா, நான் ஒரு படத்தின்ர முடிவையே கூட்டி அள்ளிப்போட்டன்.”

“என்ன விசர்க்கதை?”

“படம் வெட்டி ஒட்டுற இடத்தில கூட்டுற வேலை எனக்கு. நிலத்தில கிடந்த பிலிமைக் குப்பையெண்டு நினைச்சிட்டன்.”

“ஐயோ! முதலாளி?”

“கத்திக்கொண்டு வந்தான். அங்க படம் வெட்டுறவ கார்மன் எண்டு ஒரு ஸ்பானியக்காரி. முப்பது வருசமா ஒரு துண்டும் துலைக்காதவ. ‘நான்தான் எறிஞ்சனான்’ எண்டிட்டா.”

“உனக்காண்டியோ?”

“ஓம் அக்கா.”

“அப்ப அவவின்ர வேலை?”

“வேலை இருக்கு. முப்பது வருச நல்ல பேர்தான் போச்சுது. இண்டைக்கும் இங்க என்ர விசாவுக்காகக் கதைக்க வாறன் எண்டவ. அந்தா, வாறா…”

அவர் சட்டென்று எழுந்து, சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். நான் வாசலைப் பார்க்கத் திரும்பினேன். அந்த நேரம் பார்த்து என் இலக்கத்தைக் கூப்பிட்டார்கள். காலையிலிருந்து காத்திருந்தவன், ஏன் இவ்வளவு கெதியாக என்று திட்டிக்கொண்டே உள்ளே போனேன்.