மங்களூரில் பார்த்த படம்

தருவைகுளம் பஸ்ஸில் எனக்கு முன் சீட்டில் காலி மீன்கூடைகளோடு இரண்டு பெண்கள்.

"ஏளா, போன வருசம் படத்துல ஈரோவுக்குப் பொண்டாட்டியா நடிச்சவ, இந்த வருசம் அவனுக்கே அம்மாவாம்!"

"யாருளா?"

"கன்னடப் படத்துல காலங்காலமா கதாநாயகியா வந்தவ. எங்க வீட்டுக்காரரு தோணியில மங்களூருக்குச் சரக்கு கொண்டு போகும்போதெல்லாம் அவ படம் பாப்பாரு."

"பாஷை தெரியாம தப்பா வெளங்கியிருப்பாரு."

"அவன் அவ கால்ல விழுந்து அம்மான்னு அழுதானாம். அவளுக்குத் தலையெல்லாம் வெள்ளை பூசியிருக்காம்."

"அப்ப அவனும் கிழவன்தான?"

"இல்லளா, அவன் காலேசுக்குப் போறானாம்."

"சோடியா நடிச்சவங்கன்னா ரெண்டு பேருக்கும் ஒரே வயசுதான இருக்கும், அதெப்படி?"

"அதான் எனக்கும் வெளங்கல."

கூடையைக் காலடிக்கு இழுத்துக்கொண்டு அவளே தொடர்ந்தாள்.

"எங்க வீட்டுக்காரரு இந்தத் தடவ கரைக்கு வந்ததும் என்னைப் பாத்து, 'கிழவியாயிட்டியே'ன்னாரு. சொல்லிட்டு, கண்ணாடி முன்ன நின்னு மீசைக்கு மை தடவுதாரு."