சுவரைப் பற்றி யாரும் கேட்கவில்லை

— இல்ல வக்கீல் சார், மறுபடி சொல்லுங்க. நீதிபதி அந்தச் சுவரைப் பத்தி ஒரு வார்த்தைகூடக் கேக்கலையா?

— அதுவரைக்கும் போகவே இல்லையே, ஆனிமேரி டீச்சர். எடுத்த எடுப்புலயே, “இது தனியார் பள்ளிக்கூடம், அரசாங்க உதவியும் வாங்கல. டீச்சரை நிறுத்துனது நிர்வாகத்துக்கும் அவங்களுக்கும் உள்ள ஒப்பந்தத் தகராறு. அரசாங்கத்து மேல போடுற ரிட் மனு இதுக்கு எப்படிச் செல்லும்?”னுட்டாரு. தள்ளுபடி.

— நான் சுவரைப் பத்திப் புகார் எழுதுனதுக்குத்தான நிறுத்துனாக!

— தொண்டை கட்டுற மட்டும் சொன்னேன். “அதை சிவில் கோர்ட்டுல போய்ச் சொல்லுங்க”ன்னாரு.

— மாதாவே! சிவில் கேசு முடியுறவரைக்கும் அந்தச் சுவரு நிக்குமா சார்? என் வகுப்புச் சுவத்துல ஜூன்ல ஒரு பேப்பர் நுழையுற வெடிப்பு. ஆயுதபூசை லீவு முடிஞ்சு பாத்தா என் பென்சிலு உள்ள போகுது. செல்லூர்க் கம்மாய் ஓரம், ஈரமண்ணு. அந்தப் பழைய சுவத்தை நம்பி மேல மாடி எழுப்பிருக்காக. மேல நாப்பது பிள்ளைக, கீழ நாப்பது பிள்ளைக.

— சாரல் அடிக்குது, இப்படி உள்ள தள்ளி நில்லுங்க.

— மழையப் பாத்தாலே அந்தச் சுவருதான் கண்ணுல நிக்குது சார்.

— இந்தா பாருங்க, வழி ஒண்ணு இருக்கு. உங்க வேலையக் கேட்டாத்தான் ரிட் செல்லாது. பிள்ளைக உயிரு பொது விஷயம். கலெக்டரையும் கல்வி அதிகாரியையும் எதிர்மனுதாரராப் போடுவோம். “கட்டடத்தைச் சோதிங்க, அதுவரைக்கும் பூட்டி வைங்க”ன்னு கேப்போம். அதைக் கோர்ட்டு அம்புட்டு லேசாத் தள்ளாது.

— அப்படி ஒரு வழி இருந்துச்சா?

— மொதல்லயே அப்படிப் போட்டிருக்கணும். உங்க வேலைதான் அவசரம்னு நெனச்சுட்டேன். தப்பு என்னுதுதான்.

— நேத்தே சொல்லிருக்கக் கூடாதா சார்...

— இப்ப என்ன கெட்டுப்போச்சு? இன்னைக்கே மனு எழுதிருவோம். பெத்தவங்க யாரும் கையெழுத்துப் போடமாட்டாங்க, டிசியைக் கையில குடுத்துருவாங்கன்னு பயம். இன்ஜினியரை உள்ள விடமாட்டாங்க. நமக்குன்னு இருக்கறது நீங்க எழுதுன புகார் ஒண்ணுதான். என்ன டீச்சர், ஏன் இப்படி வேர்க்குது?

— நேத்து சாயங்காலம் பள்ளிக்கூடக் கரஸ்பாண்டெண்ட் என் வீட்டுக்குக் காரு அனுப்புனாரு சார்.

— எதுக்கு?

— கேசு நிக்காதுன்னு அவுக வக்கீல் சொல்லிட்டாராம். பயந்துட்டேன் சார். “சுவத்துல ஒண்ணுமில்ல, கோவத்துல பொய்யா எழுதிட்டேன்”னு கையெழுத்துப் போட்டுக் குடுத்துட்டேன். திங்கக்கிழமை வேலைக்கு வரச் சொல்லிருக்காக. அதே வகுப்புக்குத்தான்.