அவள் உள்வாடகைக்காரி இல்லை

நாகஜோதிக்கு என் கை ரசம் ரொம்பப் பிடிக்கும் சார். நைட் ஷிப்ட் முடிந்து மில்லிலிருந்து வந்ததும், சுடுசோற்றில் ஊற்றிச் சாப்பிட்டுவிட்டுத்தான் படுப்பாள். பிளவக்கல் பக்கத்துப் பிள்ளை. எங்கள் வீட்டு முன்னறையில் தங்கியிருந்தாள்.

ரசமெல்லாம் பிறகுதான். வந்த புதிதில் அவளுக்குத் தனி அடுப்பு, தனிப் பூட்டு. ராஜபாளையத்தில் நாங்கள் இருப்பதே வாடகை வீடு. வீட்டுக்காரர் வைகுண்டராஜ் அந்தப் பூட்டைப் பார்த்துவிட்டார். தன்னைக் கேட்காமல் முன்னறையை உள்வாடகைக்கு விட்டுவிட்டேன், காலி செய்ய வேண்டும் என்று ஸ்ரீவில்லிபுத்தூர் கோர்ட்டில் கேஸ் போட்டார். என் கணவர் இறந்த பிறகு, எனக்கும் மகன் பாண்டிதுரைக்கும் வேறு போக்கிடம் கிடையாது.

எங்கள் வக்கீல் புரிகிற மாதிரி சொன்னார். "ரூம் முழுக்க அவ பொறுப்புல இருந்தா உள்வாடகை. நீங்க சோறு போட்டு, நெனச்ச நேரம் உள்ள போய் வந்தா அவ பேயிங் கெஸ்ட். கோர்ட்டுல இருந்து ஆள் வந்து பார்ப்பாங்கம்மா."

அன்றைக்கே ஆசாரியைக் கூப்பிட்டு உள்தாழ்ப்பாளைக் கழற்றினேன். பூட்டையும் அடுப்பையும் எடுத்து வைத்தேன். கோர்ட்டில் ஒன்று சொல்லி வீட்டில் ஒன்று செய்வது எனக்குப் பிடிக்காது.

பாண்டிதுரை வேலைக்குப் போவதில்லை. அவன் மனைவி ஏன் விட்டுப் போனாள் என்று ஊருக்குத் தெரியாது. எனக்குத் தெரியும். அவள் கழுத்துத் தடத்துக்கு மஞ்சள் பற்றுப் போட்டது நான்தான்.

ஒருநாள் நாகஜோதி அடுப்படிக்கு வந்து நின்றாள். "பெரியம்மா, அந்தத் தாழ்ப்பாளை மட்டும் திரும்பப் போட்டுத் தாங்க. நான் தூங்கும்போது அண்ணன் வந்து நிக்காக."

"கேஸ் முடியட்டும் ஏட்டி," என்றேன். "இப்பப் போட்டா நாங்க தெருவுக்கு வந்துருவோம்."

அவள் கதவுக்குப் பின்னால் டிரங்குப் பெட்டியை நகர்த்தி வைத்துப் படுத்தாள். அதையும் எடுத்துவிட்டேன். கோர்ட் ஆள் வந்தால் என்ன நினைப்பார்?

அந்த மத்தியானம் "பெரியம்மா" என்று கூப்பிட்டாள். பிறகு கத்தினாள். சட்னி அரைக்க வேண்டியிருந்தது, மிக்ஸியைப் போட்டேன். நிறுத்தியபோது வீடு அமைதியாக இருந்தது.

உள்ளே போனேன். பாண்டிதுரை தலையணையைப் பிடித்துக்கொண்டு கட்டிலில் உட்கார்ந்திருந்தான். "சத்தம் போட்டாம்மா," என்றான். சின்ன வயதில் எதையாவது உடைத்துவிட்டு நிற்பானே, அந்த முகம்.

அவளுக்கு மூச்சு இருந்தது சார். ஆஸ்பத்திரி அடுத்த தெருதான். ஆட்டோ கூப்பிட்டிருக்கலாம். கண் விழித்தால் முதலில் என்ன சொல்வாள் என்று செத்த நேரம் யோசித்தேன். பிறகு தலையணையை அவன் கையிலிருந்து வாங்கிக்கொண்டேன்.

ஆகவே முடித்தது நான்தான். அவனை விட்டுவிடுங்கள். அவன் ஒரு ஈ எறும்புக்குக்கூடத் தீங்கு நினைக்காதவன், தனியாக இருக்கத் தெரியாது, அவ்வளவுதான். நான் ஜெயிலுக்குப் போன பிறகு அவனுக்கு வீட்டில் துணை வேண்டும். மில்லுக்குப் போகிற நல்ல பிள்ளை யாராவது தெரிந்தால் சொல்லுங்கள் சார், முன்னறை காலியாகத்தான் இருக்கிறது.