முப்பத்தெட்டாவது சாவு

யியு: பொய்க் கூனை இன்னும் முதுகுல கட்டிக்கலையா தோங்? வெளிச்சம் போயிடும்.

தோங்: கட்டுறேன் அண்ணே. போன படத்துக் கூனைவிட இது பெரிசா இருக்கே! ஹாங்காங் சினிமாவுல வில்லன் நிமிர்ந்தே நிக்கக் கூடாதா?

யியு: டைரக்டர் நீயா, நானா?

தோங்: நீங்கதான். கதாநாயகனும் நீங்கதான். சாகுறது மட்டும் நான். முப்பத்தேழு படம், முகத்துல முப்பத்தேழு உதை!

யியு: சாகுற மாதிரி நடிச்சதுக்குத் தோஷம் கழியச் சிவப்பு உறையில காசு வெச்சுக் கொடுத்தேனே…

தோங்: ஒரு தடவை மறந்தீங்க. மறுநாளே பல்லு விழுந்துச்சு.

யியு: அது வாத்து எலும்பைக் கடிச்சதால! இன்னைக்கு உறை தயாரா இருக்கு. ஆனா… கடைசி அடியை மாத்திட்டேன். வாளால குத்திடறேன்.

தோங்: வாளா? நம்ம கடைசிப் படத்துலயா? சுவரொட்டியில உங்க முகத்தைவிடக் காலைத்தானே பெரிசாப் போட்டிருக்காங்க!

யியு: சரி, உதையே இருக்கட்டும். எனக்கு டூப் போடுற பொண்ணு சியுலிங் உதைப்பா. முதுகுப் பக்கமா எடுத்தா தெரியாது.

தோங்: மாட்டேன். நாப்பது வருஷமா உங்க காலுக்குச் செத்தவன் நான். நேத்து வந்த காலுக்கெல்லாம் விழ மாட்டேன்.

யியு: பிடிவாதம் பிடிக்காதே.

தோங்: காரணத்தைச் சொல்லுங்க.

யியு: செருப்பு இறுக்கமா இருக்கு… தரை வேற வழுக்குது…

தோங்: அண்ணே!

யியு: … கால் எழும்பலடா. காலையில ஒத்திகை பார்த்தேன், இடுப்போட நின்னுடுச்சு. என் பொண்டாட்டிக்குக்கூடத் தெரியாது.

தோங்: எத்தனை நாளா?

யியு: இப்பத்தான்… ஒரு மாசமா.

தோங்: ஒரு மாசமா! கோயில்ல வந்து சத்தியம் பண்ணுவீங்களா?

யியு: ஏன், உனக்கு என்ன தெரியும்?

தோங்: அஞ்சு படமா உங்க கால் என் முகத்துக்கு வரவே இல்ல அண்ணே. என் முகம்தான் உங்க காலுக்கு வந்துச்சு. சொன்னா உங்க மனசு நோகுமேன்னு வாயை மூடிக்கிட்டேன். இன்னைக்கும் முடிஞ்ச மட்டும் தூக்குங்க, மிச்சத்துக்கு நான் குனிஞ்சுக்கறேன். இத்தனை நாளா ஜனங்க கண்டுபிடிச்சாங்களா என்ன?

யியு: எப்படிடா கண்டுபிடிப்பாங்க? படத்துக்குப் படம் உன் கூனை அரைச் சாண் பெரிசாக்கினவன் நான்தானே!