பீலித்தண்ணி மூலையில் நீலப் பூ

வெளிநாட்டில், கோல்டிங் நகரத்து பஸ்ஸில் எனக்கு முன்னால் இரண்டு தமிழ்ப் பெண்கள். மூத்தவளின் மடியில் ஒரு வாளி. அதில் பாதித் தண்ணீர், சின்ன நீலப் பூக்களோடு ஃபர்கெட்-மி-நாட் செடிகள்.

“முதல் செடியை என்ரை மனுசனுக்குத் தெரியாமல்தான் நட்டனான்,” என்றாள்.

“ஏனக்கா?”

“கூரைப் பீலியாலை மழைத்தண்ணி விழுற மூலை எப்பவும் சதசதவெண்டு கிடக்கும். கல்லுப் பதிச்சு மூடப்போறன் எண்டு நிண்டார்.”

“அந்த ஈரத்திலை வேர் அழுகாதோ?”

“இது குளக்கரையிலை நிக்கிற செடி. காய்ஞ்சால்தான் சாகும்.”

“பூத்தால் கண்டிடுவாரே?”

“கண்டிட்டார். காலமை எழும்பி அவரே பூ ஆய்ஞ்சு கொண்டுவந்து பிள்ளையாருக்கு வைச்சார்.”

“அப்ப கல்லு?”

“வாங்கினபடி கார் ட்ரெய்லரிலையே கிடக்கு. பிள்ளையாற்றை பூவுக்கு மேலை ஆர் கல்லுப் போடுறது? அதுதான் மூலையிலை மிச்ச இடத்துக்கும் செடி கொண்டு போறன்.”