அண்டா யாருடையது?

வக்கீல்: திரும்பவும் முதல்லேர்ந்து சொல்லுங்க அத்தான். அந்தக் கண்ணாடி போட்ட ஆள் எதுக்குன்னு சொல்லி நம்ம கடை அண்டாவை வாடகைக்கு எடுத்தான்?

அத்தான்: விருந்துக்குத்தான் மச்சான். ஐயாயிரம் பேர் சாப்பிடுற விருந்து...

வக்கீல்: போன தடவை கேட்டப்போ ஐந்நூறு பேர்.

அத்தான்: பேசப் பேச சனம் கூடாதா? அண்டாவும் லேசுப்பட்டதா என்ன? உள்ள இறங்கித் தேய்க்கிறவன் ஒரு குட்டித் தூக்கம் போட்டுட்டு ஏறி வரலாம்.

அக்கா: தம்பிக்கு அண்டாவைத் தெரியாதாக்கும். நீ காப்பியைக் குடிடா, ஆறுது.

வக்கீல்: இருக்கா. ஒரு விருந்துக்கு எடுத்த அண்டா மழைக்காலம் பூரா அவன்கிட்ட இருந்திருக்கு. ஏன் திருப்பித் தரலைன்னு ஒரு வார்த்தை கேட்கலையா?

அத்தான்: பந்தி பெரிசு மச்சான். கடைசி வரிசை கை கழுவுறதுக்குள்ள முதல் வரிசைக்குத் திரும்பப் பசிச்சிடுச்சு.

வக்கீல்: நாளைக்கு மதுவிலக்கு அதிகாரி முன்னாடி இப்படிப் பேசுனீங்கன்னா அண்டாவை மறந்துட வேண்டியதுதான். சாராயம் காய்ச்சின பாத்திரம்னு பிடிச்சு வச்சிருக்காங்க.

அக்கா: அது போச்சுன்னா கடையில மிச்சம் கரண்டியும் தட்டும்தான். அதைக் கேட்டுத்தானே ஆளே வர்றாங்க... அரசாங்கம்னா எதை வேணும்னாலும் தூக்கிட்டுப் போயிடலாமா?

வக்கீல்: முடியாது. அங்கதான் நமக்குப் பிடி இருக்கு. பொருளுக்குச் சொந்தக்காரரைக் கூப்பிட்டு விசாரிக்காம பறிமுதல் பண்ணக் கூடாது. எனக்குத் தெரியாம நடந்தது, நான் கவனமாத்தான் இருந்தேன்னு அவர் காட்டிட்டா திருப்பிக் கொடுத்தாகணும்.

அத்தான்: அப்புறம் என்ன, எனக்கு ஒண்ணுமே தெரியாது.

வக்கீல்: ஒண்ணுமே?

அத்தான்: சாராயம் தண்ணியா இருக்குமா கட்டியா இருக்குமான்னுகூடத் தெரியாது.

வக்கீல்: அத்தான்...

அத்தான்: சரி, தண்ணியா இருக்கும்னு தெரியும்.

வக்கீல்: மூடியில ஒரு ஓட்டை. அதுல செம்புக் குழாய் பத்த வச்சிருக்கு. நீங்களோ ஆயுசு பூரா குழாய் வேலை பார்த்து ரிட்டயர் ஆனவர்.

அத்தான்: ஊர்ல நான் ஒருத்தன்தான் குழாய்க்காரனா?

வக்கீல்: கடையை விட்டுப் போகும்போது மூடி எப்படி இருந்தது?

அத்தான்: பௌர்ணமி நிலா மாதிரி.

வக்கீல்: அப்ப நல்லதுதான். எவனோ கத்துக்குட்டி பத்த வச்சதுன்னு அதிகாரியே சொல்றாராம். இணைப்புல ஆவி கசிஞ்சு பாதிச் சரக்கு வீணாப் போயிருக்கும்னு சிரிச்சாராம்.

அத்தான்: சிரிச்சாரா?

வக்கீல்: என்ன அத்தான்?

அத்தான்: ஒண்ணுமில்லை. அந்த அதிகாரி என்ன படிச்சிருக்காரு?

வக்கீல்: எதுக்குக் கேட்கறீங்க?

அத்தான்: கசிஞ்சுதாமே. அந்த இணைப்புல எறும்பு மூச்சு விட இடமிருக்காது மச்சான். நானே ஊதிப் பார்த்து...

அக்கா: இருமுங்க. இருமிக்கிட்டே உள்ள போங்க.

வக்கீல்: இனிமே இருமி என்ன ஆகப்போகுது? அதிகாரி அப்படி எதுவும் சொல்லலை. நான்தான் சொல்லிப் பார்த்தேன்.

அத்தான்: அக்கா வீட்டுக் காப்பியைக் குடிச்சுக்கிட்டே வலை விரிக்கிறியே, உருப்படுவியா நீ?

வக்கீல்: தெரிஞ்சே பொய் சொல்லி மாட்டினா என் கறுப்புக் கோட்டைக் கழட்டிக் கொடுத்துட்டு வரணும் அத்தான். அதான் கேட்டேன்... இருங்க, இருங்க. அக்கா, அந்த அண்டா அப்பா உனக்கு வாங்கிக் கொடுத்தது இல்லையா?

அக்கா: ஆமா. விளிம்புல என் பேர்தான் வெட்டியிருக்கு.

வக்கீல்: அப்ப சொந்தக்காரி நீதான். உனக்குத் தெரியுமாங்கிறதுதான் கேள்வி. அத்தானுக்குத் தெரிஞ்சிருந்தா அது அவர் பாடு. வழக்கு வந்தா அவரைத் தனியாப் பார்த்துக்கலாம்.

அத்தான்: தனியான்னா எங்க வந்து பார்ப்பே? கம்பிக்கு வெளியில நின்னா?

வக்கீல்: நீங்க கொஞ்சம் சும்மா இருங்க. அக்கா, என் முகத்தைப் பார்த்துச் சொல்லு. இவர் பண்ணினது உனக்குத் தெரியாது. தெரிஞ்சிருந்தா மூடியைத் தொடவே விட்டிருக்க மாட்டே. அப்படித்தானே?

அக்கா: இன்னொரு காப்பி போடட்டுமாடா?

வக்கீல்: அக்கா.

அக்கா: இந்த மனுஷன் ஓரத்துல ஓட்டை போடப் போனாருடா. ஆவி நடுவுலதான் கூடும்னு அடுப்பு முன்னாடி நிக்கிறவளுக்குத் தெரியாதா... நான்தான் கரிக்கட்டியால வட்டம் போட்டுக் காட்டினேன்.