நான்கு நிமிட ஃபிலிம்

அழும் காட்சிக்கு நான் ஒருநாளும் கிளிசரின் போட்டுக்கொண்டதில்லை. மற்ற நடிகர்கள் போட்டுக்கொள்வார்கள். அதில் தவறில்லை. எனக்குத் தேவைப்படவில்லை, அவ்வளவுதான். இதை முதலில் எழுதிக்கொள்ளுங்கள், இன்ஸ்பெக்டர் சாகிப்.

பெயர் இஃப்திகார் வாயின். வயது எண்பத்திரண்டு. வாசலில் இருந்த காவலர் என்னைப் பார்த்ததும் எழுந்து, "அப்பாஜி, நீங்களா?" என்றார். லாகூரில் எல்லோருக்கும் நான் அப்பாஜிதான். நூற்றுப் பதினேழு பஞ்சாபிப் படங்களில் கதாநாயகனுக்கு அப்பாவாக நடித்திருக்கிறேன். முதல்முறை அப்பாவானபோது எனக்கு இருபத்தொன்பது வயது. என் மகனாக நடித்த சிக்கந்தர் சீமாவுக்கு முப்பத்திரண்டு.

சிக்கந்தர் நல்லவன். நாங்கள் இருவரும் ஒரே வருடம் ஸ்டுடியோவுக்கு வந்தோம். லட்சுமி சௌக்கில் ஒரே அறையில் தங்கினோம். ஒரு தட்டு நிஹாரிக் கறியை இருவரும் பங்கிட்டுக்கொள்வோம். அவனுக்கு உயரம் இருந்தது, தோள் இருந்தது, குதிரை ஏறத் தெரிந்தது. நடிக்கத் தெரியாது. அதை அவனே சொல்வான். அவனுக்கு அது ஒரு குறையாகவே இருந்ததில்லை.

காலையில் மேக்கப் அறையில் ஷீதா என் மீசைக்கும் புருவத்துக்கும் வெள்ளை பூசுவான். பக்கத்து நாற்காலியில் சிக்கந்தர் தன் நரைக்குக் கறுப்பு பூசிக்கொண்டு கண்ணாடியில் என்னைப் பார்ப்பான்.

"எந்திரிங்கடா, அப்பாஜி வந்துட்டாரு. ஷீதா, கெழவருக்குத் தடிய எடுத்துக் குடு."

எல்லோரும் சிரிப்பார்கள். நானும் சிரிப்பேன். இருபது வருடம் சிரித்தேன். கேன்டீனில் அவன் குரலில் பேசிக் காட்டி நானும் எல்லோரையும் சிரிக்கவைப்பேன். அவன்தான் அதிகம் சிரிப்பான். எங்களுக்குள் பகை இருந்ததாக யாரும் சொல்ல முடியாது.

ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். நான் நீளமாகப் பேசுகிற காட்சிகளில் எடிட்டர் என் முகத்தை வைத்திருக்கமாட்டார். குரல் என்னுடையதாக இருக்கும், திரையில் சிக்கந்தரின் முகம் இருக்கும். தியேட்டருக்கு வருகிறவன் அவனைப் பார்க்கத்தான் வருகிறான் என்பார்கள். அது நியாயம்தான். நான் பேசப் பேச அவன் வெறுமனே பார்த்துக்கொண்டிருப்பான். ஜனங்கள் அவனைப் பார்த்து அழுவார்கள்.

எண்பத்தாறில் அந்தப் படம் வந்தது. மகன் வயலில் குண்டடிபட்டு விழுந்து அப்பாவின் மடியில் சாக வேண்டும். அதன்பிறகு அப்பாவுக்கு இரண்டு பக்க வசனம். மகனின் கண்கள் மூடியிருக்கும். மூடிய கண்ணை எத்தனை நேரம் காட்டுவார்கள்? முதன்முதலாகக் கேமரா என்மேல் இருக்கப்போகிறது. அந்த இரண்டு பக்கத்தையும் நான் ஏழு வாரம் மனப்பாடம் செய்தேன்.

ராவிக் கரையில் கோதுமை வயல். இயக்குநர் மீர் சாகிப் என்னிடம், கேமராவில் இருப்பது கடைசி ரோல், நான்கு நிமிடம் ஓடும், வெயிலும் இறங்குகிறது, இன்று கிடைக்காவிட்டால் வசனத்தைக் குறைத்துவிடுவேன் என்றார். மிரட்டவில்லை. நிலைமையைச் சொன்னார்.

சிக்கந்தருக்குச் சாகத் தெரியாது. செத்த பிறகும் இமை ஆடும். விழும்போது தலைமுடி கலையாமல் பார்த்துக்கொள்வான். அன்று விழுவதற்குக் குறி வைத்த இடத்துக்கு நாலடி முன்னாலேயே விழுந்தான். இடது தோளைப் பிடித்துக்கொண்டு, முகம் மண்ணில் படும்படி விழுந்தான். முடி கலைந்தது. மீர் சாகிப் "பலே" என்றது எனக்குக் கேட்டது. ஓடிப்போய் அவன் தலையை மடியில் எடுத்து வைத்தேன். நெற்றி வேர்த்து, உதடு சாம்பல் நிறமாகியிருந்தது.

அது நடிப்பில்லை என்று அந்த வயலில் எனக்கு மட்டும்தான் தெரிந்தது. அவன் அவ்வளவு நன்றாக நடித்ததே கிடையாது.

அவனுக்கு நெஞ்சுவலி இருந்ததை நான் அறிவேன். போன குளிர்காலத்தில் ஒருமுறை வந்து போயிருந்தது. வெளியே தெரிந்தால் தயாரிப்பாளர்கள் வரமாட்டார்கள் என்று அவன் மனைவியும் நானும் மறைத்து வைத்திருந்தோம். நாக்குக்கு அடியில் வைக்கிற மாத்திரை, ஒரு சின்னத் தகர டப்பாவில், எப்போதும் சட்டைப் பையில் இருக்கும்.

அவன் பேசினான். வெளிப்புறக் காட்சிக்கு நாங்கள் ஒலி பதிவதில்லை, வசனத்தைப் பிறகு ஸ்டுடியோவில் பேசிச் சேர்ப்போம். பக்கத்தில் கோதுமையை அசைக்க வைத்த காற்று இயந்திரம் இரைந்துகொண்டிருந்தது. எனக்கு மட்டும் கேட்டது.

"மாத்திர. சட்டப் பையில. வாயின்..."

இருபது வருடத்தில் அன்றுதான் என்னை அப்பாஜி என்று கூப்பிடவில்லை.

இயக்குநர் நிறுத்தச் சொல்லாமல் நடிகன் நிறுத்தக்கூடாது. எங்கள் தொழிலில் அது முதல் பாடம். அதைத்தான் செய்தேன் என்று இத்தனை வருடம் எனக்கு நானே சொல்லிவந்தேன். இப்போது முழுவதையும் சொல்கிறேன். அவன் வலது கை சட்டைப் பையை நோக்கிப் போனது. அந்தக் கையை நான் பிடித்தேன். சாகிற மகனின் கையை ஓர் அப்பா பிடிப்பதுபோல இரண்டு கையாலும் பிடித்து என் நெஞ்சோடு சேர்த்துக்கொண்டேன். அவன் இழுத்தான். குதிரையை அடக்கின கை, அதில் பலம் இருந்தது. நான் விடவில்லை. வசனத்தைச் சொல்லிக்கொண்டிருந்தேன். இரண்டு பக்கத்தையும் சொன்னேன். ஓரிடத்திலும் தடுமாறவில்லை. ரோல் தீர்ந்து கேமரா தானாக நின்றது.

ஆட்கள் ஓடி வருவதற்குள் டப்பாவை அவன் பையிலிருந்து எடுத்து என் பையில் போட்டுக்கொண்டேன். ஏன் எடுத்தேன் என்று நீங்கள் கேட்பீர்கள். மாத்திரை இருந்தும் ஏன் கொடுக்கவில்லை என்று யாராவது கேட்கக்கூடாது என்பதற்காகத்தான்.

பிறகு டப்பிங் வந்தது. படத்தில் அவன் உதடு அசைகிறது, குரல் கொடுக்க அவன் இல்லை. மீர் சாகிப் தயங்கித்தான் கேட்டார்.

"வாயின் சாகிப், அவன் குரல் உங்களுக்கு நல்லா வருமே. பாவம், கடைசியா என்னமோ சொல்ல வந்திருக்கான். நீங்களே எதாவது சேத்துப் பேசுங்க."

அந்த உதடுகள் மூடித் திறக்கிற இடங்களுக்குப் பொருந்தும் சொற்களைத் தேட ஒரு மாலை ஆயிற்று. "மன்னிச்சிருங்க அப்பாஜி, நம்ம மண்ண விட்றாதீங்க" என்று அவன் குரலில் பேசினேன். அந்த இடத்தில் ஜனங்கள் எழுந்து நின்று அழுதார்கள். படம் ஐம்பது வாரம் ஓடியது. எனக்கு விருது கொடுத்தார்கள். அதற்கப்புறம் என் காட்சிகளில் எடிட்டர் வேறு முகத்தைக் காட்டவில்லை.

அவன் மகள் தஸ்னீமுக்கு அப்போது ஒன்பது வயது. நாலு வயதில் வந்த காய்ச்சலில் காது போய்விட்டது. உதட்டைப் பார்த்துத்தான் பேச்சைப் புரிந்துகொள்வாள். என்னைச் சித்தப்பா முறைவைத்துச் சாச்சா என்று கூப்பிடுவாள். அந்தப் படத்தை அவளுக்குக் காட்டவே கூடாது, அப்பா சாவதைப் பிள்ளை பார்க்கக்கூடாது என்று அவள் அம்மாவிடம் சொன்னேன். அந்த அம்மா என் கையைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். பிறகு யாரோ அவளுக்கு அந்தப் படத்தின் கேசட் கொடுத்தார்கள் என்று கேள்விப்பட்டு நானே போய் வாங்கி வந்தேன். அவளுடைய பள்ளிக்கூடத்தைப் பார்த்துச் சேர்த்தது நான். நிக்காஹ்வில் அப்பாவின் இடத்தில் நின்றது நான். அவள்மேல் எனக்குப் பாசம் இல்லை என்று நினைக்காதீர்கள்.

போன மாதம் எனக்கு அரசுப் பதக்கம் அறிவித்தார்கள். எல்லாச் சேனலிலும் அந்தக் காட்சியைப் போட்டார்கள். நான்கு நாள் கழித்துப் பிற்பகலில் தஸ்னீம் வீட்டுக்கு வந்தாள். வேலைக்காரி சாயா வைத்துவிட்டுப் போனாள். தஸ்னீம் அதைத் தொடவில்லை. அந்தக் காட்சி ஓடுகிற போனை என் முன்னால் வைத்தாள். அவள் பேச்சு கனமாக, ஏற்ற இறக்கம் இல்லாமல் இருக்கும். பழகியவர்களுக்குப் புரியும்.

"சாச்சா, இங்க அப்பா மாத்திரன்னு சொல்றாரு. சட்டப் பையிலன்னு சொல்றாரு. உங்க பேரச் சொல்றாரு."

அவள் என் உதட்டைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"கைய ஏன் விடல?"

காட்சி நடந்துகொண்டிருந்தது என்றேன். அவள் தலையசைத்தாள். சரியான பதில் சொன்ன பிள்ளைக்கு டீச்சர் தலையசைப்பதுபோல. நான் கேட்டிருக்கக்கூடாது, ஆனாலும் கேட்டேன். முழுவதையும் பார்த்தாயா, நான் எப்படிச் செய்திருந்தேன் என்று கேட்டேன்.

"உங்களப் பாக்கல சாச்சா. நாப்பது தடவ போட்டுப் பாத்தேன். அப்பா வாய மட்டுந்தான் பாத்தேன்."

போனை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். புகார் எதுவும் கொடுக்கவில்லை. நானாகத்தான் வந்திருக்கிறேன். காரணம் என்ற இடத்தில் மனச்சாட்சி என்று எழுதிக்கொள்ளுங்கள்.

முப்பத்துமூன்று வருடம் ஆகிவிட்டது, மாரடைப்பு என்று டாக்டர் எழுதியிருக்கிறார், வழக்கு நிற்காது, வீட்டுக்குப் போய் ஓய்வெடுங்கள் என்கிறீர்கள். உங்கள் அம்மாவுக்கு என் கையெழுத்து வேண்டும் என்கிறீர்கள். போடுகிறேன். ஆனால் சாட்சியம் இருக்கிறது. அந்த டப்பா இதோ, உங்கள் மேசையில். காட்சி உங்கள் போனிலேயே கிடைக்கும். ஒரு தடவை அவன் உதட்டைப் பாருங்கள், வழக்குக்கு அது போதும். அப்புறம் திரும்ப முதலிலிருந்து போட்டு என்னைப் பாருங்கள். மூன்றாவது நிமிடத்தில் அவன் விரல்கள் தளரும். அங்கேதான் என் கண்ணில் நீர் வரும். வெளிச்சம் படுவதற்காக முகத்தைக் கொஞ்சம் இடப்பக்கம் திருப்பியிருப்பேன். நன்றாகப் பாருங்கள். அதில் ஒரு துளிகூடக் கிளிசரின் இல்லை.